கதிரையில் கட்டிய பீப்பா

தியோகு அப்பு விழுந்ததை நான் முதன்முதலாகப் பார்த்த அன்று என் இரண்டு கையிலும் சூப் சட்டி இருந்தது. கொதிக்கக் கொதிக்க லீக்ஸ் சூப். லுசேர்ண் நகரத்து முதியோர் இல்லம் ஒன்றின் சாப்பாட்டு மண்டபம். யன்னலுக்கு வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. உள்ளே கிழவர் கிழவிகள் எல்லோரும் கரண்டியைப் பிடித்தபடி என் சட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

ஒரு மெலிந்த கிழவர் எழுந்தார். சட்டைப் பையிலிருந்து கைதுடைக்கிற லேஞ்சியை உருவித் தன் கதிரையைத் தட்டினார். பக்கத்துக் கிழவிக்குத் தலை வணங்கினார். பிறகு சிம்மாசனத்தில் அமரும் ராசா மாதிரி, பின்னால் திரும்பிப் பார்க்காமல், உட்காரப் போனார்.

கதிரை அங்கே இல்லை. குதிக்காலால் அவரே அதைப் பின்னுக்குத் தள்ளிவிட்டிருந்தார். அதை நான் மட்டும்தான் கண்டேன்.

பொத்தென்று விழவில்லை. கொடியில் காயப்போட்ட சாரம் காற்றில் நழுவி இறங்குமே, அப்படி இறங்கினார். முழங்கால், இடுப்பு, தோள். கடைசியில் உள்ளங்கை மட்டும் நிலத்தில் ‘டப்’ என்று அடித்தது. முகத்தில் அந்த ராசாக் களை கொஞ்சமும் குலையவில்லை.

மண்டபமே அலறியது. தாதிமார் ஓடி வந்தார்கள். ஒருத்தி அவருடைய நாடியைப் பிடித்தாள், மற்றவள் காலைப் பிடித்தாள். அவர்களுடைய கைகளுக்கு நடுவால் நிலத்தில் கிடந்தபடியே அந்தக் கிழவர் என்னைப் பார்த்து ஒரு கண்ணை அடித்தார்.

நான் சிரித்துவிட்டேன். சட்டியில் இருந்த சூப்பும் என்னோடு குலுங்கியது. ‘பெரிய மிஸி’ என்று நாங்கள் சமையலறையில் பெயர் வைத்திருந்த தலைமைத் தாதி அப்போது என்னை முறைத்த முறைப்பு இன்றைக்கும் என் முதுகில் சுடுகிறது.

பிரேசிலில் ஏது படம்?

போன கிழமை இந்தப் பத்திரிகைப் பக்கத்தில், அந்த இல்லத்தில் சட்டி கழுவச் சேர்ந்த நான் எப்படி மற்றவர்களை முந்திக்கொண்டு சூப்புக்குப் பொறுப்பானவன் ஆனேன் என்பதை எழுதியிருந்தேன். கடைசியில், ‘அங்கேதான் ஒரு பிரேசில் ஊமைப்பட நடிகரோடு பழகினேன்’ என்று ஒரு வரி விட்டிருந்தேன்.

அதை வாசித்துவிட்டு சூரிச்சில் என் கடைக்கு நாலைந்து பேர் வந்தார்கள். லாங்ஸ்ட்ராஸப் பக்கம் என் கடையைத் தெரியாத தமிழன் இல்லை. ஒரு பக்கம் வீடியோ, மறு பக்கம் மரக்கறி. அந்தத் தெருவில் முருங்கைக்காய்க்கு ஆட்கள் வரிசையில் நின்ற ஒரே கடை என்னுடையது.

“சூசை அண்ணை, நல்லா அடிச்சு விடுறியள். பிரேசில்ல ஏது அந்தக் காலத்தில படம்? அவங்கள் பந்தடிக்கிற ஆக்கள்.”

“ஊமைப் படமாம் மச்சான். அண்ணையின்ர வாய்க்கு முன்னால எந்த நடிகனும் ஊமையாத்தானே போவான்!”

என் கடையில், என் தேத்தண்ணியைக் குடித்துக்கொண்டு சிரித்தார்கள். ஒரு கதாநாயகன் எந்தப் படத்தில் என்ன நிறச் சட்டை போட்டான் என்று இவர்களுக்குத் தெரியும். அவனுடைய படம் வந்தால் கசற்றுக்காக என் கதவை உடைப்பார்கள். ஆனால் தங்களுக்குத் தெரியாத ஒரு மனிதன் நடிகனாக இருந்திருக்கக் கூடாது. அது பொய். சூசை அளக்கிறான்.

அளப்பேன். என் சொந்தக் கதை என்றால் கொஞ்சம் கூட்டித்தான் அளப்பேன். தியோகு அப்புவின் கதையில் ஒரு நூல்கூடக் கூட்ட மாட்டேன். எனக்குக் கோபம் வந்தால் நன்றாக எழுத வரும். ஆசிரியத் தம்பி என் எழுத்துப் பிழைகளைத் தாராளமாகத் திருத்தட்டும். கோபத்தில் கை வைக்க வேண்டாம் என்று சொல்லித்தான் இதைக் கொடுத்திருக்கிறேன்.

நான் செத்த மேடைகள்

அவர் விழவில்லை, விழுந்து காட்டினார் என்று எனக்கு மட்டும் எப்படித் தெரிந்தது? கேட்பீர்கள். சொல்கிறேன்.

மூன்றாம் வகுப்போடு நான் பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவன். ஆனால் மன்னார்க் கரையில் எங்கள் கோயில் திருநாளுக்கு நாட்டுக்கூத்துப் போட்டால், சேனாதிபதி வேடம் எனக்குத்தான். சேனாதிபதி விடியும் நேரத்தில் சாக வேண்டும். நித்திரை தூங்கிய சனமெல்லாம் நான் சாகும் நேரத்துக்குச் சரியாக எழும்பிவிடும். ஒரு வருடம் நான் விழுந்த விழுகையில் என்னைப் பெற்ற தாயே “ஐயோ என்ர பிள்ளை” என்று மேடையில் ஏறிவிட்டா. கூத்துப் பழக்கிய அண்ணாவியார் தாளத்தை நிறுத்திவிட்டு அவவை இறக்க வேண்டியிருந்தது.

அந்த அண்ணாவியார் எனக்குச் சொல்லித் தந்தது ஒன்றுதான். நாடியை, அதுதான் மோவாயை, நெஞ்சோடு ஒட்டு. கை முந்த வேண்டும், தலை பிந்த வேண்டும்.

அந்தக் கிழவரின் நாடி நெஞ்சோடு ஒட்டியிருந்தது. கை முந்தியது. பிறகென்ன?

போர்த்துக்கேயன் விட்டுவிட்டுப் போனது

அவரைத் தாதிமார் ‘ஹெர் டியோகோ’ என்று கூப்பிட்டார்கள். எனக்கு உடனே காது நிமிர்ந்தது. எங்கள் ஊரில் தியோகுப்பிள்ளை என்று மீன்பிடி வள்ளங்கள் வைத்திருந்த ஒரு சம்மாட்டியார் இருந்தார். அதே பெயர்தான். அன்றிலிருந்து அவர் எனக்குத் தியோகு அப்பு.

அவர் லுசேர்ணில் வாழ்நாளில் பாதிக்கு மேல் இருந்தவர். டொச், அதாவது ஜெர்மன் பாஷை, நன்றாகக் கதைத்தவராம். வயது போகப் போக டொச் ஒவ்வொரு சொல்லாகக் கழன்று போய்விட்டது. மிஞ்சியது பிறந்த ஊர்ப் பாஷை மட்டும். அதை அங்கே ஒருவருக்கும் தெரியாது. கிழவர் பிதற்றுகிறார் என்று முடிவு கட்டிவிட்டார்கள்.

ஒருநாள் நான் கோப்பி வண்டிலைத் தள்ளிக்கொண்டு போகிறேன். அவர் என் கையை எட்டிப் பிடித்தார்.

“மேசா,” என்றார். மேசையைக் காட்டினார். “கதேய்ரா.” கதிரையைத் தட்டினார். “ஜனேலா, ஜனேலா!” விரலை யன்னலை நோக்கி நீட்டினார்.

நான் வண்டிலை விட்டுவிட்டு அவருடைய மேசையையும் கதிரையையும் யன்னலடிக்கு இழுத்துக்கொண்டு போய்ப் போட்டேன். இதில் என்ன விளங்க இருக்கிறது? போர்த்துக்கேயன் மன்னாருக்குக் கப்பலில் வந்தான். பீரங்கியால் அடித்தான், ஞானஸ்நானம் கொடுத்தான், முத்தை அள்ளினான், போய்விட்டான். போகும்போது கதிரையையும் அலுமாரியையும் சப்பாத்தையும் லேஞ்சியையும் எங்கள் வாயில் மறந்து வைத்துவிட்டான். அதே ஆள்தான் பிரேசிலுக்கும் போயிருக்கிறான்.

தியோகு அப்பு யன்னலடியில் இருந்து வெளியே ஏரியைப் பார்த்தார். பிறகு என் கன்னத்தில் தட்டினார். கண்ணில் தண்ணீர்.

என்னோடு சமையலறையில் வேலை செய்த பாலன் யாழ்ப்பாணத்தில் கந்தோர் உத்தியோகம் பார்த்தவன். அதை ஒரு நாளைக்கு ஒரு தரமாவது எனக்கு ஞாபகப்படுத்துவான். வாசலில் நின்று பார்த்துவிட்டு, “என்ன அண்ணை, அந்தாளோட தமிழிலயே கதைக்கிறியள்?” என்றான்.

“ஓம்,” என்றேன். “இது பிரேசில் தமிழ். உன்ர கந்தோரில படிப்பிச்சிருக்க மாட்டினம்.”

விழுந்தே சம்பாதித்தவர்

கதிரையும் மேசையும் வைத்து ஒரு மனிதனின் முழுக் கதையையும் கேட்க முடியாது. அதற்கு லூசியா உதவி செய்தாள். போர்த்துக்கல்காரி, லோன்றியில் துணி தோய்க்கிறவள். ஞாயிற்றுக்கிழமைகளில் வேலை முடிந்ததும் கிழவருக்குப் பக்கத்தில் வந்து குந்துவாள். அவர் சொல்வதை அவள் டொச்சில் எனக்குச் சொல்வாள். அவளுடைய டொச்சும் என்னுடைய டொச்சும் ஒரே காலில்தான் நொண்டின, அதனால் ஒன்றையொன்று நன்றாக விளங்கிக்கொண்டன.

தியோகு அப்பு சின்ன வயதில் ரியோ நகரத்தில் சுவருக்கு வெள்ளையடிக்கிறவர். ஒருநாள் மூங்கில் சாரத்திலிருந்து சுண்ணாம்பு வாளியோடு தவறி விழுந்தார். தெருவில் ஒருவன் கமராவின் பிடியைச் சுற்றிச் சுற்றி எதையோ படம் பிடித்துக்கொண்டிருந்தான். இவர் விழுந்ததைப் பார்த்துச் சனம் சிரித்த சிரிப்பில் அவன் கமராவை இந்தப் பக்கம் திருப்பினான்.

“இன்னொருக்கா விழுவியோ?” என்று கேட்டானாம்.

விழுந்தார். அப்படித் தொடங்கியது அவருடைய சினிமா வாழ்க்கை. பிறகு ஓடும் ட்ராமிலிருந்து விழுந்தார், கோவேறு கழுதையிலிருந்து விழுந்தார், கலியாண வீட்டு மாடியிலிருந்து மாப்பிள்ளைக்கு மேலேயே விழுந்தார். கீழே வலையும் இல்லை, மெத்தையும் இல்லை. தியேட்டரில் பியானோ அடிக்கிறவன் இவர் விழும் இடத்தில் கையை எடுத்துவிடுவானாம். சனத்தின் சிரிப்பே அந்த இடத்துக்கு வாத்தியம்.

சனம் அவருக்கு வைத்த பெயர் ‘பீப்பா’.

எனக்கும் லூசியாவுக்கும் சிரிப்புத் தாங்க முடியவில்லை. எங்கள் ஊரிலும் பீப்பா என்றால் எண்ணெய், சாராயம் அடைக்கிற பீப்பாதான். அவளுடைய நாட்டில் வைன் அடைக்கிற பீப்பா. இந்த மனிதரோ ஈர்க்குச்சி. ஒல்லியனைத் தடியன் என்று கூப்பிட்டுப் பகிடி பண்ணுவது எங்கள் ஊரிலும் உண்டு. அதுதான் என்று நினைத்து நான் தலையாட்டிவிட்டேன். அவரும் எங்களோடு சேர்ந்து சிரித்தார்.

பிறகு பேசும் படம் வந்தது. கறுத்த மைக்கை முகத்துக்கு முன்னால் பிடித்து, “கதை” என்றார்கள். அவருக்குக் கீச்சுக் குரல். முன்பு அவர் விழுந்ததற்குச் சிரித்த அதே ஆட்கள் அவர் வாயைத் திறந்ததற்குச் சிரித்தார்கள். ஒரே கிழமையில் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். ஒரு மனிதன் எலும்பை அடகு வைத்து வளர்த்துவிட்ட தொழில், குரல் சரியில்லை என்று அவனை வெளியே தள்ளியது.

அதைவிடப் பெரிய அநியாயத்தைக் கேளுங்கள். அவர் நடித்த படச் சுருள்களில் சில தீயில் போய்விட்டன. மிச்சத்தை உருக்கிச் சீப்புச் செய்தார்களாம். சீப்பு! அவர் உயிரைக் கொடுத்து விழுந்த விழுகைகளால் எவளோ தலை வாரினாள்.

“ஒண்டுகூட மிச்சமில்லையோ?” என்று லூசியாவைக் கேட்கச் சொன்னேன்.

தியோகு அப்பு ஒரு விரலால் தன் நெஞ்சைத் தொட்டுக் காட்டினார்.

எனக்கு அப்போதுதான் உறைத்தது. அந்த நடிகரின் படங்களில் உலகத்தில் மிஞ்சியிருந்த ஒரே கொப்பி அந்தக் கிழட்டு உடம்பு. ஒரு சர்க்கஸோடு ஐரோப்பாவுக்கு வந்து, லுசேர்ண்காரி ஒருத்தியைக் கட்டி, ஹோட்டல் வாசலில் உல்லாசப் பயணிகளின் பெட்டி தூக்கி, மனைவியையும் புதைத்துவிட்டுப் பிள்ளை குட்டி இல்லாமல் அந்த மண்டபத்தில் வந்து இருந்த உடம்பு. கிழமைக்கு ஒரு தரம், ஆட்கள் கூடியிருக்கும் நேரம் பார்த்து, அவர் அந்தப் படத்தை ஓட்டிக் காட்டினார். தனியாக இருக்கும்போது அவர் ஒருநாளும் விழுந்ததில்லை. யோசித்துப் பாருங்கள்.

‘ஸிஹர்’

ஒரு திங்கட்கிழமை நான் சூப்போடு போனபோது அவர் எழும்பவில்லை. இடுப்பைச் சுற்றி ஒரு பட்டி. அகலமான வெள்ளைப் பட்டி, கதிரையின் முதுகுக்குப் பின்னால் பூட்டியிருந்தது.

நான் நேரே பெரிய மிஸியின் அறைக்குப் போனேன். ஏப்ரனைக்கூடக் கழற்றவில்லை.

“ஏன் அந்த மனிசனைக் கட்டி வைச்சிருக்கிறியள்?”

“கட்டவில்லை, ஹெர் சூசை. பாதுகாப்பு. அவர் அடிக்கடி விழுகிறார். இப்போது அவர் ஸிஹர்.”

‘ஸிஹர்’ என்றால் டொச்சில் பத்திரம் என்று அர்த்தம். பாங்குக்கும் சொல்வார்கள், பூட்டுக்கும் சொல்வார்கள்.

“அவர் விழேல்ல. நடிக்கிறார். அவர் நடிகர். லூசியாவைக் கேளுங்கோ.”

“லூசியா லோன்றி. நீங்கள் சமையலறை.” குரலை உயர்த்தவே இல்லை. “இடுப்பு முறிந்தால் யார் பொறுப்பு? நீங்களா?”

“ஓம், நான்.”

அவ சிரித்தா. கோபமாகச் சிரித்திருந்தால் தாங்கியிருப்பேன். சின்னப் பிள்ளைக்குச் சிரிப்பது மாதிரிச் சிரித்தா. “சூப் ஆறிப்போகும், ஹெர் சூசை.”

அன்று முதல் ஒவ்வொரு நாளும் நான் மண்டபத்துக்குள் போனதும் தியோகு அப்பு கதிரையைத் தட்டி, “கதேய்ரா, சூசே,” என்பார். கதிரை வேண்டும் என்றல்ல. கதிரையிலிருந்து எடுத்துவிடு என்று. அதையும் நான் விளங்கிக்கொண்டேன். விளங்கிக்கொண்டு என்ன செய்ய? கோப்பி ஊற்றினேன்.

கட்டின நாளிலிருந்து அவர் சாப்பிடுவது குறைந்தது. பக்கத்துக் கிழவிக்குத் தலை வணங்குவதும் நின்றது.

பாலன் சொன்னான்: “அண்ணை, சூப்பை ஊத்தினமா, வீட்ட போனமா எண்டு இருங்கோ. வேலை போனா விசாப் பெமிற்றில கை வைப்பாங்கள்.”

“படிச்ச புத்தி,” என்றேன்.

“படிக்காத வாய்,” என்றான்.

முகமூடி நாள்

லுசேர்ணில் தவக்காலம் தொடங்குவதற்கு முன் ‘ஃபாஸ்நாக்ட்’ என்று ஒரு கொண்டாட்டம். ஊரே முகமூடி போட்டுக்கொண்டு பறையும் ஊதுகுழலுமாகத் தெருவில் இறங்கும். வருடம் முழுவதும் குப்பைப் பையைக்கூட அளந்து கட்டுகிற சனம் அந்த நாட்களில் மட்டும் பேய் பிடித்த மாதிரி ஆடும். ஒரு வாத்தியக் கோஷ்டி எங்கள் இல்லத்துக்கும் வந்தது. பூதம், சூனியக்காரி, கோழி எல்லாம் மண்டபத்துக்குள் நுழைந்து கூரை அதிர ஊதின.

தியோகு அப்புவைப் பார்த்தேன். பிரேசில்காரனுக்கு அது கார்னிவல் நாள் என்று உங்களுக்குத் தெரியும். அவருடைய கால் தாளம் போட்டது. தோள் ஆடியது. இடுப்புக்கு வந்ததும் ஆட்டம் நின்றது. பட்டி.

“சூசே,” என்றார். அவ்வளவுதான். கதிரையைக்கூடத் தட்டவில்லை.

வண்டிலை விட்டேன். அவருடைய கதிரைக்குப் பின்னால் போனேன். பூட்டைத் திறந்தேன். ஒளித்துச் செய்யவில்லை, பெரிய மிஸி பார்த்துக்கொண்டிருக்கவே செய்தேன். “ஹெர் சூசை! நை! நை!” என்று கத்திக்கொண்டு அவ வர, ஒரு பெரிய கோழி முகமூடி குறுக்கே நின்று ஊதிக்கொண்டிருந்தது.

அவர் எழுந்தார். எழுந்த விதத்திலேயே மண்டபம் அடங்கியது. லேஞ்சியை எடுத்தார். கதிரையைத் தட்டினார். அந்தக் கிழவிக்குத் தலை வணங்கினார். பறை அடிக்கிறவன் கெட்டிக்காரன், உடனே பிடித்துக்கொண்டான். கிழவர் குனியும்போது மெல்லிய உருட்டல் கொடுத்தான். அவர் கையை எடுத்ததும் நிறுத்தினான்.

அவர் உட்காரப் போனார். போனார். போய்க்கொண்டே இருந்தார். இவ்வளவு மெதுவாக ஒரு மனிதன் விழ முடியுமா என்று நான் மூச்சை அடக்கிக்கொண்டு நின்றேன். முழங்கால். இடுப்பு. தோள். கை அடித்த அதே கணம் பறையும் ‘டும்’ என்றது.

நிலத்தில் கிடந்தபடியே ஒரு காலுக்கு மேல் மறு காலைப் போட்டார். இல்லாத தொப்பியைக் கழற்றி எல்லோருக்கும் வணக்கம் சொன்னார்.

அந்தச் சிரிப்பை நான் எப்படி எழுதுவேன்? சூப் வடிய விட்டுக்கொண்டு இருந்த கிழவர்கள் சிரித்தார்கள். சூனியக்காரி முகமூடியைக் கழற்றிவிட்டுச் சிரித்தாள். நான் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து ஒரு சொல்லும் பேசாத அந்தப் பக்கத்துக் கிழவி இரண்டு கையாலும் மேசையில் அடித்து, “நொஹ்மால்! நொஹ்மால்!” என்று கத்தினாள். இன்னொரு முறை! ரியோ நகரத்தில் கமராக்காரன் கேட்ட அதே கேள்வி.

பெரிய மிஸியும் சிரித்தா. நான் கண்டேன். பல்லுத் தெரிய, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தா. பிறகு முகத்தைச் சரி செய்துகொண்டு வந்து பட்டியைப் பூட்டினா.

சிரிக்காத ஆளாக இருந்திருந்தால் மன்னித்திருப்பேன். விளங்கவில்லை பாவம் என்று விட்டிருப்பேன். அவவுக்கு விளங்கியிருந்தது.

வெளியே

மறுநாள் காலை என்னை ஏப்ரனைக் கழற்றச் சொன்னார்கள்.

வீட்டில் என் மனைவி றெஜினா பிடித்துக்கொண்டா. “ஆரோ ஒரு வெள்ளைக்காரன் விழுறதுக்காக எங்களை விழுத்திப்போட்டியளே. பெமிற் இல்லாமப் பிள்ளையளோட எங்க போறது?”

“வெள்ளைக்காரன் இல்லை. பிரேசில்காரன்.”

“ஓ, அப்ப சரி! பிரேசில்காரனெண்டா அடுப்பு தானா எரியும்!”

அவ சொன்னதிலும் நியாயம் இருந்தது. ஆனால் சூசை விழுந்தால் கை முந்தும். அந்த மாதமே சூரிச்சுக்கு வந்து, ஒருவனுடைய வான் வண்டியில் மரக்கறிப் பெட்டி ஏற்றத் தொடங்கினேன். அந்த வானிலிருந்துதான் என் கடை வந்தது. அந்தக் கதையை இதே பக்கத்தில் முன்பே விலாவாரியாக எழுதிவிட்டேன். எனக்கே அலுக்கவில்லை, உங்களுக்கு அலுத்திருக்கும்.

ஒரு ஞாயிறு றெஜினா பொரித்த ரோல்ஸைச் சுற்றி எடுத்துக்கொண்டு லுசேர்ணுக்கு ரயிலேறினேன். விருந்தாளியாகப் போனால் யார் தடுப்பது? திட்டிக்கொண்டே ரோல்ஸைச் சுற்றித் தந்தவவும் றெஜினாதான்.

தியோகு அப்பு யன்னலடியில் இருந்தார். பாதியாகிவிட்டிருந்தார். பட்டியின் துளை இன்னும் உள்ளே போயிருந்தது. லூசியா பக்கத்தில் குந்தியிருந்தாள்.

எனக்கு வந்த ஆத்திரத்தில் தமிழிலேயே கத்தினேன். “ஒரு கலைஞனைப் பீப்பா மாதிரிக் கட்டி உருட்டி வைச்சிருக்கிறாங்கள்!” என்று சொல்லி, இரண்டு கையாலும் வயிற்றுக்கு முன்னால் பெரிய வட்டமாகப் பீப்பாவைக் காட்டினேன்.

கிழவர் என் கைகளைப் பார்த்தார். புருவம் ஏறியது. “நாவ்,” என்றார். இல்லை. “நாவ், நாவ்.”

லேஞ்சியை எடுத்தார். அதன் ஒரு மூலையை இரண்டு விரலால் பிடித்துத் தூக்கினார். வாயால் மெல்ல ஊதினார். லேஞ்சி நடுங்கியது. பிறகு அதை மடியில் விட்டுவிட்டு, வெறும் கையால், இல்லாத ஒரு நூலை இழுத்தார். விட்டார். இழுத்தார். கண் மேலே போனது. யன்னலைத் தாண்டி, ஏரியைத் தாண்டி, மலைக்கு மேலே போனது. நான் திரும்பிப் பார்த்தேன். ஆணையாகச் சொல்கிறேன், ஏதோ ஒன்று பறக்கிறது என்று நினைத்துத் திரும்பிப் பார்த்தேன்.

பட்டம்! பிரேசிலில் பீப்பா என்றால் பட்டமாம். லூசியாவுக்கே அப்போதுதான் விளங்கியது. பகிடிக்கு வைத்த பெயரே இல்லை. கூரையிலும் மாடியிலும் ஏறி நின்று காற்றில் இறங்குகிற மனிதனுக்குச் சனம் சரியாகப் பார்த்து வைத்த பெயர். நாங்கள்தான் எங்கள் வாயில் கிடந்த சொல்லை வைத்துக்கொண்டு, எல்லாம் தெரிந்த மாதிரி அவரை ஒரு பீப்பாவாக்கிச் சிரித்திருக்கிறோம். பட்டப்பெயர் என்று தமிழில் எத்தனை தரம் சொல்லியிருப்பேன்! அந்த மனிதருடைய பட்டப்பெயர் பட்டத்தின் பெயரேதான்.

அவர் நிறுத்தவில்லை. நூலைப் பிடித்திருந்த கை திடீரென்று வெறுமையானது. நூல் அறுந்துவிட்டது. கண் அந்தப் பட்டத்தோடு அலைந்தது, சாய்ந்தது, தாழ்ந்தது, மெதுவாக, மெதுவாக மடிக்கு வந்தது. அங்கே லேஞ்சி கிடந்தது.

இடுப்பில் பட்டியோடு, ஒரு அங்குலம் அசையாமல், அந்தக் கதிரையில் இருந்தபடியே அவர் விழுந்து காட்டினார்.

நானும் லூசியாவும் கை தட்டினோம். ஒரு தாதி வந்து சத்தம் போட வேண்டாம் என்றாள்.

நான் கேட்பது ஒன்றுதான்

குருத்தோலை ஞாயிறுக்கு முன் லூசியா போன் எடுத்தாள். மத்தியானச் சாப்பாட்டுக்கு எழுப்பப் போனார்களாம். கதிரையில் இருந்தபடியே போயிருந்தாராம்.

இறுதிப் பூசைக்குப் போனேன். வந்திருந்தவர்களை ஒரே வாங்குப் பலகையில் இருத்தலாம். பாதிரியார், ‘நம் நகரத்து ஹோட்டல் ஒன்றில் நெடுங்காலம் பணிபுரிந்த நல்ல ஊழியர்’ என்றார். அவ்வளவுதான். நான் எழும்பப் போனேன். லூசியா என் கோட்டைப் பிடித்து இழுத்துவிட்டாள். அவளை நான் இன்னும் மன்னிக்கவில்லை.

இளவயதிலிருந்து ட்ராமிலும் மாடியிலும் கழுதையிலும் விழுந்து ஒரு எலும்பும் முறியாத மனிதர். அவரை விழாமல் பார்த்துக்கொண்டார்கள். செத்துப்போனார்.

இதை ஏன் இந்தக் கிழமை இவ்வளவு கோபமாக எழுதுகிறேன் என்றால், கடைக்கு வந்த அந்த நாலைந்து பேருக்காக மட்டும் இல்லை. இந்த மாரிப் பனிக்கு நான் கடைப் படியில் வெங்காயப் பையோடு சறுக்கி விழுந்தேன். ஒன்றுமில்லை, கை முந்திவிட்டது. ஆனால் மகள் வேலையிடத்திலிருந்து ஓடி வந்துவிட்டாள். இங்கே வளர்ந்த பிள்ளை, வங்கியில் உத்தியோகம். அன்பான பிள்ளை. பக்கத்தில் இருந்து என் கையைத் தடவிக்கொண்டு சொன்னாள்:

“அப்பா, இனிக் கடையை விடுங்கோ. வயசு போனா நல்ல ஹோம் இருக்கு. நானே பாத்து வைச்சிருக்கிறன். அங்க எல்லாம் ஸிஹர். உங்களை விழவே விட மாட்டினம்.”

நான் எழும்பிச் சிதறிய வெங்காயத்தைப் பொறுக்கிப் பையில் போட்டேன்.

அவளுக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது. இந்தப் பக்கத்தை அவள் காண மாட்டாள். உங்களில் பாதிப் பேருக்கு அவளைத் தெரியும். கண்டால் டொச்சிலேயே சொல்லிவிடுங்கள்: உன்ர அப்பர் விழுவார். விழ விடு. ஓடி வந்து தூக்குவதற்கு முன்னால், கிடக்கிற இடத்திலிருந்து ஒரு கண்ணை அடிக்கிறாரா என்று பார்.